குரங்கு பார்த்த பேன், கங்கை சிக்கிய சடை, வாழைப்பட்டையில் தைத்த ஜடை: தெரியுமா உங்களுக்கு?

மாமல்லபுரத்தின் மிகப் பழைய பியூட்டி பார்லர் எது தெரியுமா? அர்ச்சுனன் தபசுப் பாறைக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. ஒரு பெண் குரங்கு குட்டிக்குப் பால் கொடுத்தபடி உட்கார்ந்திருக்கிறது. அதன் பின்னால் ஆண் குரங்கு. அதன் கை எங்கே இருக்கிறது என்று பாருங்கள்: பெண்ணின் தலைமுடிக்குள்! சாட்சாத் பேன் பார்க்கிறது. பல்லவர் காலத்தில் உட்கார்ந்த குடும்பம் இன்னும் எழுந்திருக்கவில்லை. ஆயிரத்து முந்நூறு வருஷமாகத் தேடியும் அந்தப் பேன் அகப்படவில்லை!

பயணிகள் அதோடு ஒரு செல்ஃபி எடுத்துக்கொண்டு கடற்கரைக் கோயிலுக்கு ஓடிவிடுகிறார்கள். நில்லுங்கள். இந்த ஊருக்கு வந்தால் கோபுரத்தைப் பார்ப்பதற்கு முன்னால் தலைகளைப் பாருங்கள். கொண்டை, சடை, குடுமி, மகுடம் என்று தமிழ்நாட்டுத் தலை அலங்காரத்தின் முழுக் கேட்லாக்கும் இங்கே பாறையில் கிடக்கிறது. அதைவிடப் பெரிய ஆச்சரியம், அதில் பாதியை வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ஊசி, நூல், வாழைப்பட்டை வைத்தே கட்டிவிடலாம். நம் வீட்டுப் பெண்கள் வெகுகாலமாகக் கட்டிக்கொண்டும் இருக்கிறார்கள்.

ஒரு சடை, ஒரு நதி

அர்ச்சுனன் தபசு என்கிற பாறைச் சிற்பம் சுமார் 96 அடி நீளம், 43 அடி உயரம். நூற்றுக்கும் மேற்பட்ட உருவங்கள். ஒற்றைக் காலில் நின்று தவம் செய்கிறவர் அர்ச்சுனனா, பகீரதனா என்று அறிஞர்கள் இன்னும் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார்கள். அந்தச் சண்டை அவர்களுக்கு. நமக்குக் கதை ஒன்றுதான் முக்கியம்: ஆகாயத்திலிருந்து கங்கை விழுந்தால் பூமி தாங்காது என்று பகீரதன் பயந்தபோது, சிவன் அணை கட்டவில்லை, கால்வாய் வெட்டவில்லை. தலைமுடியை நீட்டினார்! பொங்கி வந்த நதி உள்ளே போய்ச் சிக்கிக்கொண்டு வெளியே வர வழி தெரியாமல் சுற்றியது. உலக இலக்கியத்தில் ஒரு ஹேர்ஸ்டைலுக்கு இதைவிடப் பெரிய பாராட்டு இருக்குமா, சொல்லுங்கள்! திருச்சி மலைக்கோட்டையில் மகேந்திரவர்மன் வெட்டிய குகைக்குப் போனால், சிவன் ஒரு சடைப் புரியைக் கையால் பிடித்து நீட்டி, கங்கை அதில் இறங்குவதையே பார்க்கலாம்.

அர்ச்சுனன் தபசுப் பாறையில் ஒரு பூனை, தவம் செய்கிற முனிவரைப் பார்த்துக் காப்பியடித்துக் கையைத் தூக்கி நிற்கிறது, காலடியில் எலிகள். முனிவரின் விலா எலும்பு, தூக்கிய கை எல்லாவற்றையும் அது காப்பியடித்துவிட்டது. சடாமுடி மட்டும் வரவில்லை. அதுதான் கஷ்டம் போலும்!

உண்மையில் அவ்வளவு கஷ்டமில்லை. சிற்பிகள் சடாமகுடம் என்று சொல்கிற அந்த உயர்ந்த கட்டை உற்றுப் பாருங்கள். சடைப் புரிகள் கயிறு கயிறாக மேலே எழுகின்றன. நெற்றிக்கு மேல் ஒரு பட்டம் அவற்றை இறுக்கிப் பிடிக்கிறது. உச்சியில் சுற்றி வளைந்து மடங்கி விழுகின்றன. இடுக்கில் பிறை, பாம்பு, ஊமத்தம்பூ. பூவையும் பாம்பையும் எடுத்துவிட்டால் மிச்சம் இருப்பது ஒரு கயிற்றுக் கட்டு. அதை வீட்டில் செய்ய வேண்டுமா? தலையை முதல் நாளே அலசிவிடுங்கள். அன்றைக்கே அலசிய முடி வழுக்கும், நிற்காது. பார்லர் அக்காக்கள் எல்லோருக்கும் தெரிந்த ரகசியம் இது. உச்சியில் ஒரு குதிரைவால் போட்டு இறுக்குங்கள். கெட்டி அட்டையைக் கூம்பாகச் சுருட்டிக் கறுப்புத் துணி சுற்றி, உள்ளே குதிரைவாலை நுழைத்து மேலே உருவுங்கள். இப்போது மேலிருந்து கொட்டும் முடியை எட்டு புரிகளாகப் பிரியுங்கள்.

இங்கேதான் சூட்சுமம். ஒவ்வொரு புரியையும் இரண்டாகப் பிரித்து, இரண்டையும் வலப்பக்கம் முறுக்கி, பிறகு ஒன்றோடொன்றை இடப்பக்கம் சுற்றுங்கள். ஒன்று அவிழப் பார்க்கும்போது மற்றது இறுக்கிவிடும்! கொச்சக்கயிறு அவிழாமல் நிற்பதும் இதே கணக்கில்தான். முறுக்கிய எட்டையும் கூம்பின் மேல் இறக்கி, அடியில் சுற்றி, கொண்டை ஊசிகளை இரண்டிரண்டாகப் பெருக்கல் குறி போல் குறுக்கே செருகுங்கள். ஒற்றை ஊசி நழுவும். குறுக்கு ஊசி நழுவாது. முடி போதாதவர்களுக்குச் சவுரி இருக்கவே இருக்கிறது. அதற்கு ஒரு பெரிய கதை இருக்கிறது, வருகிறேன்.

பாதித் தலை ஒரு ஸ்டைல், மீதித் தலை வேறு ஸ்டைல்!

மாமல்லபுரத்து ஐந்து கல் ரதங்களில் மிக உயரமான தர்மராஜ ரதத்தைச் சுற்றி நடந்து மூலைகளைப் பாருங்கள். ஒரு மூலையில் அர்த்தநாரி: சிவன் பக்கம் சடை, அம்மன் பக்கம் கரண்டமகுடம். இன்னொரு மூலையில் ஹரிஹரன்: சிவன் பாதிக்குச் சடாமகுடம், பெருமாள் பாதிக்கு நீள உருளையான கிரீடமகுடம். நடு நெற்றியில் வகிடு எடுத்த மாதிரி ஒரு கோடு, இரண்டு பக்கமும் வேறு வேறு உலகம். பாதித் தலையை மழித்து மீதியை வளர்ப்பதைப் புதுமை என்று நினைக்கும் கல்லூரிப் பிள்ளைகள் ஒருமுறை ஏழாம் நூற்றாண்டைப் போய்ப் பார்த்து வரலாம்.

கரண்டமகுடம் என்பது கீழே பெரிய கிண்ணம், அதன் மேல் சற்றுச் சிறியது, அதன் மேல் இன்னும் சிறியது என்று அடுக்கடுக்காய் ஒடுங்கிப் போவது. கற்சிலையிலும் செப்புத் திருமேனியிலும் அம்மன் தலையில் நீங்கள் அடிக்கடி பார்ப்பது இதைத்தான். இன்ஸ்டாகிராமில் பபிள் போனிடெயில் என்று ஒன்று ஓடுகிறதே, குதிரைவாலில் நாலு விரலுக்கு ஒரு ரப்பர் பேண்டு போட்டு இடையில் உப்ப வைப்பது? அதைத் தொங்கவிடாமல் தலைமேல் நிறுத்தினால் கரண்டமகுடம். அவ்வளவுதான்! நிறுத்துவதற்கு உள்ளே ஒரு கம்பியோ கூம்போ வேண்டும், அதில் மட்டும் கஞ்சத்தனம் கூடாது.

தலை உயரத்துக்கும் கணக்கு உண்டு தெரியுமா? சிற்ப சாஸ்திரத்தில் அளவுக்குத் தாலம் என்று பெயர். உத்தம தசதாலத்தில் ஒரு திருமேனியின் உயரம் 124 அங்குலப் பகுதிகள். மகுடம் அந்தக் கணக்கில் சேராது, அது தனி! உடம்புக்கு எவ்வளவு, முகத்துக்கு எவ்வளவு என்று மயிரிழை பிசகாமல் அளந்துவிட்டு, தலைமேல் நிற்பதற்குத் தனிக் கணக்கு எழுதுவார்கள். இதையெல்லாம் முறையாகச் சொல்லித்தர மாமல்லபுரத்திலேயே 1957-ல் தொடங்கிய அரசுக் கல்லூரி இருக்கிறது. அதன் முதல்வராகப் பல ஆண்டுகள் இருந்த கணபதி ஸ்தபதிதான் கன்னியாகுமரிக் கடலில் 133 அடிக்கு வள்ளுவரை எழுப்பியவர். 2000 ஜனவரி 1 அன்று திறந்தார்கள். அந்த வள்ளுவரின் தலைக்கட்டை ஒரு நாள் படகில் போய்ப் பாருங்கள், கடற்காற்றில் ஒரு இழை கலையவில்லை!

மாமல்லபுரத்தில் உளிச் சத்தம் கேட்கும் பட்டறைத் தெருவில் கொஞ்சம் நின்று பார்த்தால் இன்னொன்றும் புரியும். முகத்தை முடிக்கும் சிற்பி மூச்சைப் பிடித்துக்கொண்டு வேலை செய்கிறார். முடிக்கு வந்ததும் கை வேறு தாளத்துக்குப் போகிறது. நீளக் கோடு, நீளக் கோடு, ஒரு சுழி. சிறிய உளியால் ஒரே ஆழத்தில் இழைத்துக்கொண்டே போக வேண்டும். ஒரு கோடு ஆழமாகிவிட்டால் மற்ற எல்லாவற்றையும் அதற்குத் தக்கபடி இறக்கியாக வேண்டும். கல்லில் பின்னலைப் பிரித்துப் போட முடியாது பாருங்கள்!

தன் முடியைத் தானே பிடித்தவர்

கொஞ்சம் மனதைத் திடப்படுத்திக்கொள்ளுங்கள். திரௌபதி ரதம் என்கிறோமே, உள்ளே இருப்பது திரௌபதி இல்லை, கொற்றவை. ரதங்களுக்கும் பாண்டவர்களுக்கும் சம்பந்தமே கிடையாது, பெயர்கள் பின்னால் ஒட்டிக்கொண்டவை. அந்தக் கொற்றவையின் காலடியில் மண்டியிட்டிருக்கும் ஒருவரைக் கவனியுங்கள். ஒரு கை தன் தலைமுடியைத் தானே கொத்தாகப் பிடித்திருக்கிறது. மறு கையில் வாள். தலையை அறுத்துக் காணிக்கை கொடுக்கத் தயாராகிவிட்டார்! இதே காட்சி வராகக் குகையிலும் உண்டு.

பாஞ்சாலி அந்த ரதத்தில் இல்லை என்று சொன்னேன். எங்கே இருக்கிறாள் தெரியுமா? சுற்றுவட்டார ஊர்களில்! செங்கல்பட்டு, காஞ்சிபுரம், திருவண்ணாமலைப் பக்கம் பங்குனியில் தொடங்கி ஆடி வரைக்கும் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் நடக்கும். பகலில் பிரசங்கம், ராத்திரியில் தெருக்கூத்து. கடைசியில் படுகளம். ஊர்ப் பொட்டலில் களிமண்ணால் துரியோதனனை மல்லாக்கப் படுக்க வைத்திருப்பார்கள். அவன் நெஞ்சுமேல் ஆளே ஏறி ஓடலாம், அத்தனை பெரிசு! பீமன் வேஷம் கட்டியவர் தொடையில் அடிக்க, அங்கே மறைத்து வைத்த செஞ்சாந்து பீறிடும். பாஞ்சாலி வேஷக்காரர் விரித்த கூந்தலில் அதைத் தடவி, அள்ளி முடிவார். கூட்டத்தில் சாமி வந்து ஆடாதவர்கள் குறைவு. சபையில் அவிழ்ந்த கூந்தலை அன்றைக்குத்தான் முடிகிறாள். ஒரு கொண்டை போடுவதைப் பார்க்க ஊரே ராத்திரி பூராக் கண்விழித்துக் காத்திருக்கிற இடம் வேறு எங்காவது இருந்தால் எனக்குச் சொல்லி அனுப்புங்கள்.

கூத்துக்காரர்களின் பெரிய கிரீடமும் புஜக்கட்டையும் எதில் செய்தவை என்று ஊகியுங்கள் பார்க்கலாம். கல்யாணமுருங்கை! பளு இல்லாத கட்டை. அதில் கண்ணாடிச் சில்லு ஒட்டி, ஜிகினா ஒட்டி... விடிய விடிய ஆட வேண்டுமே, தலையில் கனம் இருந்தால் நடக்குமா? வீட்டில் பெரிய தலை அலங்காரம் கட்டுகிறவர்களும் இதை எழுதி வைத்துக்கொள்ளலாம்: பார்க்கத்தான் பெரிசாக இருக்க வேண்டும், தூக்க அல்ல.

சித்திரை லீவில் நடக்கும் சிற்ப வேலை

இப்போது வீட்டுக்கு வருவோம். பள்ளிக்கூடம் லீவு விட்டு, மல்லிகை மலிந்து, உறவுக்காரப் பிள்ளைகள் எல்லாம் ஒரே வீட்டில் குவிந்தால் ஒரு மத்தியானம் யாராவது ஒரு அத்தை சொல்லுவார்: "இன்னைக்கு ஜடை தைச்சுடலாமா?" அப்புறம் அந்த வீட்டில் சமையலே நடக்காது.

மொட்டாகப் பார்த்து வாங்க வேண்டும். மல்லிகை அந்திக்குத்தான் மலரும். மத்தியானமே தைத்து முடித்தால் பொழுது சாய்கிறபோது தலையிலேயே ஒவ்வொன்றாய் விரியும்! ஈரத் துணியில் மொட்டைப் பரப்பிவிட்டு வாழைமரத்துக்குப் போவார்கள். தண்டின் மேல் உரிந்து வரும் பட்டையில் இரண்டு விரல் அகலம், ஜடை நீளத்துக்கு ஒரு துண்டு. ஏன் வாழைப்பட்டை? அட்டையில் தைத்தால் பூ ஒரு மணி நேரத்தில் சுருங்கும். பட்டைக்குள் இருக்கும் ஈரம் பூவை வாடவிடாது, முதுகின் வளைவுக்கு வளைந்தும் கொடுக்கும், ஊசியும் வெண்ணெயாய் இறங்கும். இதைக் கண்டுபிடித்தவருக்கு யாரும் டாக்டர் பட்டம் கொடுக்கவில்லை.

கிட்டே போய்ப் பாருங்கள். ஊசியில் ஒரே தடவையில் நாலைந்து மொட்டு கோக்கிறார். காம்பெல்லாம் ஒரு பக்கம், முனையெல்லாம் வெளிப்பக்கம். பட்டையில் ஒரு குத்து, நூலை இழுத்து ஒரு முடிச்சு. அடுத்த வரிசை முந்தின வரிசையின் காம்புகளை மறைத்துக்கொண்டு உட்கார வேண்டும், ஓடு வேய்கிற மாதிரி. நடுவில் ஒரு கோடு கனகாம்பரம். ஓரத்தில் மரிக்கொழுந்து. கைதேர்ந்தவர் என்றால் தாழம்பூ மடலை முக்கோணமாக மடித்து இடையிடையே செருகி வைரக் கட்டம் போட்டுவிடுவார். கடைசியில் அந்தப் பட்டையைப் பின்னலின் மேல் வைத்து, பின்னலுக்குள்ளேயே ஊசியை விட்டுத் தைத்துவிடுவது.

"தலையை ஆட்டாதடி, ஊசி குத்திடும்!"

"கழுத்து வலிக்குது அத்தை."

"இன்னும் ரெண்டே வரிசைதான், கண்ணு."

அந்த ரெண்டு வரிசை எப்போதும் எட்டு வரிசையாகத்தான் முடியும்.

மேலே உச்சிப் பின்புறத்தில் ராக்கோடி. அதற்குக் கீழே படம் எடுத்த நாகர். வகிட்டின் இரண்டு பக்கமும் சூரியன், சந்திரன். ஜடை முழுக்க வில்லை, நுனியில் மூன்று குஞ்சலம். பரதநாட்டியக்காரர்கள் அணிகிற அதே செட். மார்கழியில் மாமல்லபுரம் நாட்டிய விழா மேடைக்குப் பின்னால் எட்டிப் பார்த்தால், சவுரி வைத்துப் பின்னிக் கறுப்பு நூலால் ஒவ்வொரு வில்லையையும் கட்டிக்கொண்டிருப்பார்கள். கடற்காற்றை நம்பி ஒரு ஊசியைக்கூடச் சும்மா விட மாட்டார்கள்!

எல்லாம் முடிந்து கிளம்புவது எங்கே? ஸ்டூடியோவுக்கு! ஜடை பின்னால் இருக்கிறது, முகம் முன்னால் இருக்கிறது, ஒரே போட்டோவில் இரண்டும் விழ வேண்டும். அதற்காகவே ஆளுயரக் கண்ணாடி ஒன்றை நிறுத்தி, பெண்ணைப் பக்கவாட்டில் திருப்பி... தமிழ்நாட்டில் எந்த வீட்டு ஆல்பத்தைப் புரட்டினாலும் அந்தக் கண்ணாடிப் படம் ஒன்று இருக்கும். முகத்தில் சிரிப்பு இருக்காது. கழுத்து வலி.

வளைகாப்பு, பூச்சூட்டல் என்றாலும் ஜடை உண்டு. கல்யாணம் என்றால் கேட்கவே வேண்டாம். கிழக்குக் கடற்கரைச் சாலையில் திருவிடந்தைக் கோயில் இருக்கிறதே, அங்கே பெருமாள் நித்யகல்யாணர். காலவ முனிவரின் 360 பெண்களை நாளுக்கு ஒருத்தியாகக் கல்யாணம் செய்துகொண்டார் என்பது தலபுராணம். 360 கல்யாணம் என்றால் 360 மணப்பெண் ஜடை. அந்த முனிவர் வீட்டில் பூக்காரம்மா எவ்வளவு சம்பாதித்திருப்பார் என்று யாரும் எழுதி வைக்காதது எனக்குப் பெரிய குறை.

தாழம்பூ என்றேன். மணல்மேட்டிலும் கழியோரத்திலும் வளர்கிற நெய்தல் நிலச் செடி அது, இலை ஓரமெல்லாம் முள். நாம் ஆசையாய்த் தலையில் வைக்கிறோமே, மடல் மடலாய் மணக்கிற அந்தப் பூ, ஆண் பூ! தாழையில் ஆண் செடி தனி, பெண் செடி தனி, வாசனை ஆணுக்குத்தான். இன்னொன்று கேளுங்கள். திருவண்ணாமலையில் சிவனின் முடியைத் தேடிப் பிரம்மா பறந்தபோது, அந்த முடியிலிருந்து நழுவி விழுந்துகொண்டிருந்தது இந்தத் தாழம்பூதான். "நான் முடியைக் கண்டேன் என்று சாட்சி சொல்லு" என்று பிரம்மா கேட்க, இதுவும் பொய் சொல்லிவிட்டது. அன்றிலிருந்து சிவபூஜையில் தாழம்பூவுக்கு இடமில்லை. சாமி தலையிலிருந்து தள்ளப்பட்ட பூ நேராக நம் வீட்டுப் பெண்கள் தலைக்கு வந்து ஏறிக்கொண்டது. நஷ்டம் யாருக்கு?

கடற்காற்றில் ஏன் எல்லாம் சிலிர்க்கிறது?

வீட்டில் பளிச்சென்று சீவிக்கொண்டு மாமல்லபுரத்துக்குக் கிளம்பி, கோவளம் தாண்டியதும் தலை பம்மென்று ஆகிவிடுகிறதே, ஏன் தெரியுமா? முடிக்குள் கெரட்டின் இழைகளை ஹைட்ரஜன் பிணைப்புகள் பிடித்து வைத்திருக்கின்றன. தண்ணீர் பட்டால் அவை விடும். காய்ந்தால், அப்போது முடி எந்த வடிவில் இருக்கிறதோ அந்த வடிவிலேயே மறுபடி பிடித்துக்கொள்ளும். ஈரத் தலையில் பின்னிக் காய்ந்தபின் அவிழ்த்தால் அலை அலையாக நிற்பது இதனால்தான். கடற்கரை ஈரக்காற்று அந்தப் பிணைப்பை மெல்ல மெல்ல அவிழ்த்துவிடுகிறது. முடி ஈரம் குடித்தால் நீளவும் செய்யும், சுமார் 2 சதவீதம் வரைக்கும். இதை வைத்தே ஜெனீவாவைச் சேர்ந்த சோசூர் என்ற விஞ்ஞானி 1783-ல் காற்றின் ஈரத்தை அளக்கும் கருவி ஒன்றைச் செய்தார். உள்ளே இருந்தது என்ன? மனிதத் தலைமுடி! ஆக மாமல்லபுரம் போகும் பஸ்ஸில் உட்கார்ந்திருக்கும் ஒவ்வொரு தலையும் ஒரு வானிலை நிலையம்.

மருந்து அடுப்படியிலேயே இருக்கிறது. இரண்டு ஸ்பூன் ஆளிவிதையை இரண்டு டம்ளர் தண்ணீரில் கொதிக்க விடுங்கள். வழவழவென்று நூல் இழுக்கும் பதம் வந்ததும் சூட்டோடு வடிகட்டுங்கள். ஆறினால் வடியாது, துணியோடு மல்லுக்கட்ட வேண்டியதுதான். புரி முறுக்கும்போது விரலில் தொட்டுத் தடவிக்கொண்டே வந்தால் காய்ந்தபின் விறைப்பாக நிற்கும். எண்ணெய் மட்டும் அன்றைக்கு வேண்டாம். பாட்டி திட்டினாலும் பரவாயில்லை.

25 தலை போதும், ஒரு பாறையைத் தூக்க!

ஆரோக்கியமான ஒரு முடி கிட்டத்தட்ட 100 கிராம் எடையைத் தாங்கும். தலையில் சுமார் ஒரு லட்சம் முடி. பெருக்கிப் பாருங்கள்: 10 டன்! மாமல்லபுரத்தில் சரிவில் நிற்கிறதே கிருஷ்ணனின் வெண்ணெய் உருண்டை, அதன் எடை சுமார் 250 டன் என்கிறார்கள். 1908-ல் கவர்னர் ஆர்தர் லாலி ஏழு யானைகளைக் கட்டி இழுத்தும் நகரவில்லை என்பது ஊரெல்லாம் சொல்லும் கதை. நம் கணக்குப்படி 25 பேரின் தலைமுடியைக் கயிறாகத் திரித்தால் அந்தப் பாறையைத் தொங்கவிட்டுவிடலாம்! காகிதத்தில்தான். வேரோடு ஒட்டியிருக்கும்போது முயற்சி வேண்டாம்.

சிரிக்காதீர்கள், ஒரு ஊரில் இதை நிஜமாகவே செய்தார்கள். ஜப்பானின் கியோத்தோ நகரில் ஹிகாஷி ஹொங்கான்ஜி என்ற புத்தர் கோயிலை 1880-ல் மறுபடி கட்டத் தொடங்கினார்கள். ராட்சத உத்தரங்களை இழுக்கும்போது சாதாரணக் கயிறு அறுந்து அறுந்து விழுந்தது. பக்தைகள் தங்கள் கூந்தலை வெட்டிக் கொடுக்க, சணலோடு சேர்த்துக் கயிறு திரித்து இழுத்தார்கள். அந்தக் கயிற்றில் ஒரு சுருள் இன்றைக்கும் அங்கே காட்சிக்கு இருக்கிறது.

சவுரி எங்கிருந்து வருகிறது?

திருப்போரூர் முருகன் கோயிலில் முடி இறக்கும் மண்டபத்தைப் பார்த்திருப்பீர்கள். தமிழ்நாட்டு அறநிலையத் துறைக் கோயில்களில் மொட்டைக்கு 2021-லிருந்து கட்டணம் இல்லை. திருப்பதி, பழனி போன்ற பெரிய கோயில்களில் இறங்கும் முடி ஏலம் போய், சிக்கெடுத்து, நீளம் பிரித்து, கப்பல் ஏறுகிறது. மனித முடி ஏற்றுமதியில் இந்தியா முன்வரிசையில் இருக்கும் நாடு. நம் ஊர்ச் சவுரியும் வெளிநாட்டு நடிகையின் நீளக் கூந்தலும் தூரத்துச் சொந்தமாக இருக்கலாம்!

2004-ல் நடந்தது இன்னும் விசேஷம். கல்யாணமான வைதீக யூதப் பெண்கள் பலர் விக் அணிவார்கள். அந்த முடி இந்தியக் கோயிலில் காணிக்கையாக இறக்கியது என்று தெரியவர, ஜெருசலேமின் ரபி எல்யாஷிவ் அதைப் பயன்படுத்தக் கூடாது என்று தீர்ப்புச் சொன்னார். நியூயார்க்கின் புரூக்ளினில் பெண்கள் விலை உயர்ந்த விக்குகளைத் தெருவில் போட்டுக் கொளுத்தினார்கள். திருமலையில் யாரோ ஒரு அம்மா வேண்டுதலுக்குக் கொடுத்த முடி, அமெரிக்கத் தெருவில் மதப் பிரச்சினை ஆகிவிட்டது!

வெளியூர்க் கதை இன்னும் ஒன்றிரண்டு, வேகமாக. 1778-ல் பெல் பூல் என்ற பிரெஞ்சுப் போர்க்கப்பல் ஆங்கிலேயரோடு மோதியதும், பாரிஸில் பாய்மரத்தோடு முழுக் கப்பலையே தலையில் கட்டிய கொண்டைப் படங்கள் வந்தன. நைஜீரியாவில் ஓஜெய்கெரே என்ற புகைப்படக்காரர் 1968-லிருந்து பெண்களின் தலை அலங்காரத்தை, பெரும்பாலும் பின்புறத்திலிருந்து, தேடித் தேடி எடுத்தார். ஆயிரம் படங்கள் வரை போயிற்று. நூல் சுற்றி நிமிர்த்திய அந்தத் தலைகள் நம் சடாமகுடத்துக்கு ஒன்றுவிட்ட அக்கா தங்கைகள். 1960-ல் சிகாகோவில் மார்கரெட் வின்சி ஹெல்ட் என்ற அம்மாள் தனக்குப் பிடித்த ஒரு தொப்பியைப் பார்த்து, அதைக் கழற்றினாலும் அதே வடிவம் நிற்கும்படி ஒரு கொண்டையை உண்டாக்கினார். பீஹைவ் என்று உலகமெல்லாம் பரவிய அது, சவுரியும் நைலான் வலையும் வைத்து நம் சினிமாக் கதாநாயகிகள் தலையிலும் ஏறியது. 2022-ல் துபாயில் கிறிஸ்துமஸ் மரம் மாதிரிக் கட்டிய ஒரு தலை அலங்காரம் 2.90 மீட்டர் உயரம், கின்னஸ் சாதனை. வாசல் வழியாக எப்படி வெளியே வந்தார்களோ!

கட்டுவதைச் சொல்லிவிட்டு அவிழ்ப்பதைச் சொல்லாமல் விடக் கூடாது. இழுத்து இறுக்கிக் கட்டுவதையே தினப் பழக்கமாக வைத்துக்கொண்டால் நெற்றியோரம் முடி பின்வாங்கும். கிரீன்லாந்துப் பெண்களிடம் இதை மருத்துவர்கள் 1907-லேயே கவனித்து எழுதிவிட்டார்கள். தலை விண்ணென்று இருந்தால் அழகு போதும், தளர்த்துங்கள். ஈரத்தோடு மூடிக் கட்டினால் சிக்கு வாடையும் பொடுகும் நிச்சயம். தைத்த ஜடையைப் பிரிக்கும்போது நுனியிலிருந்து மேலே வாருங்கள். கத்தரி முனை எப்போதும் பட்டையைப் பார்த்து இருக்கட்டும், முடியைப் பார்த்து அல்ல. வாடிய பூவோடு அந்த வாழைப்பட்டையை அப்படியே தூக்கி மாட்டுக்குப் போட்டுவிடாதீர்கள்; நூலையெல்லாம் உருவிவிட்டுப் போடுங்கள். வாழைப்பட்டை மாட்டுக்குப் பிடிக்கும், நூல் அதன் வயிற்றுக்கு ஆகாது.